ஃபெர்மியா, கேலனா, ஜெமான்ஸ்கியா, ஷ்ரோடரா: வெப்ப இயக்கவியலுக்கு எந்தப் பாடநூல்?

வெப்ப இயக்கவியலுக்கு எதைப் படிக்கலாம் என்று இயற்பியல் துறையில் யாரைக் கேட்டாலும் நான்கைந்து பெயர்கள்தான் திரும்பத் திரும்ப வரும். கூடவே "இது சுலபம், அது கஷ்டம்" என்று ஒரு வரிசையும் சொல்லிவிடுவார்கள். அந்த வரிசையை நம்பி வாங்கிய புத்தகம் பெரும்பாலும் மூன்றாம் அத்தியாயத்தோடு அலமாரிக்குப் போய்விடும். ஃபெர்மியின் நூல் ஏறத்தாழ 160 பக்கம்தான், மொழியில் ஒரு சிக்கலும் கிடையாது. ஆனால் ஆறாம் அத்தியாயத்துக்கு மேல் வேதிச் சமநிலை தெரியாதவர் தடுமாறுவார். கேலனைக் கடினம் என்பார்கள். பகுதி வகைக்கெழு கைவந்தவருக்கு அதன் முதல் எட்டு அத்தியாயங்களைவிட நேரான பாதை இந்த நான்கு நூல்களில் வேறு இல்லை.

தேர்ந்தெடுக்க உதவும் கேள்வி வேறு: இந்த ஆசிரியர் என்ட்ரோபியை எங்கிருந்து கொண்டுவருகிறார்? வழிகள் மூன்று. முதலாவது இயந்திர வழி. இரண்டாம் விதியின் கெல்வின், கிளாசியஸ் கூற்றுகளில் தொடங்கி, கார்னோ சுழற்சி (இரண்டு வெப்பநிலைகளுக்கு நடுவே ஓடும் இலட்சிய வெப்ப இயந்திரம்) வழியாக, மீள் நிகழ்வில் (அப்படியே பின்னோக்கி நடத்தக்கூடியதில்) வெப்பத்தை வெப்பநிலையால் வகுத்தால் கிடைப்பது பாதையைச் சாராத அளவு என்று நிறுவுவது. ஃபெர்மியும் ஜெமான்ஸ்கியும் இதில் நடக்கிறார்கள். இரண்டாவது எடுகோள் வழி. என்ட்ரோபி என்றொரு சார்பு உண்டு, அது இன்னின்ன பண்புகள் உடையது என்று முதல் அத்தியாயத்திலேயே வைத்துவிட்டு மற்றதையெல்லாம் அதிலிருந்து வருவிப்பது. இது கேலன். மூன்றாவது எண்ணும் வழி. ஆற்றலைத் துகள்களுக்குள் எத்தனை விதமாகப் பங்கிடலாம் என்று எண்ணி, அந்த எண்ணின் மடக்கையே என்ட்ரோபி என்பது. ஷ்ரோடரும், கடைசியில் சுருக்கமாகப் பார்க்கப்போகும் ரைஃபும் இந்தப் பக்கம். உங்களுக்கு எது பொருந்தும் என்பது நீங்கள் அடுத்து என்ன செய்யப்போகிறீர்கள் என்பதைப் பொறுத்தது.

நூலகத்தில் நான்கையும் விரித்துவைத்து ஒப்பிட முடிந்தால், ஒரே ஒரு கணக்கை எடுத்துக்கொண்டு போங்கள். சம வெப்ப ஏற்புத்திறன் கொண்ட இரண்டு உலோகக் கட்டிகள். ஒன்று 400 கெல்வினில், இன்னொன்று 100 கெல்வினில். ஒவ்வொன்றின் ஏற்புத்திறனும் கெல்வினுக்கு 1000 ஜூல் என்று வைத்துக்கொள்ளலாம். இவற்றிலிருந்து அதிகபட்சம் எவ்வளவு வேலை எடுக்க முடியும்?

நேரடியாக ஒட்டவைத்தால் இரண்டும் 250 கெல்வினில் நிற்கும், வேலை எதுவும் கிடைக்காது. நடுவில் மீள் இயந்திரம் ஓடினால் இறுதி வெப்பநிலை பெருக்குச் சராசரியான 200 கெல்வின். அதாவது மொத்த ஆற்றலில் 100 கிலோஜூல் வேலையாக வெளியே வந்திருக்கும். இயந்திர வழியில் வருபவர் நடுவில் ஒரு சிறு கார்னோ இயந்திரத்தை வைத்து, ஒவ்வொரு சுழற்சியிலும் சூடான கட்டி இழந்ததையும் குளிர்ந்த கட்டி பெற்றதையும் அவரவர் வெப்பநிலையால் வகுத்துச் சமன்படுத்தி, தொகையிடுவார். அரைப் பக்கம் ஆகும், ஆனால் ஒவ்வொரு படியிலும் என்ன நடக்கிறது என்பது கண்ணுக்குத் தெரியும். கேலனைப் படித்தவர் "மொத்த என்ட்ரோபி மாறக்கூடாது" என்று ஒரு வரி எழுதுவார். இறுதி வெப்பநிலை அடுத்த வரியில் வந்துவிடும். ஷ்ரோடர் வழியில் வருபவரும் அதே இரண்டு வரியைத்தான் எழுதுவார். ஆனால் என்ட்ரோபி ஏன் குறையாது என்று கேட்டால் அவரிடம் பதில் இருக்கும். கேலன் படித்தவரிடம் அந்த இடத்தில் எடுகோள் மட்டுமே இருக்கும்.

இதே கணக்கில் ஒரு பொறி உண்டு. ஒட்டவைத்தபோது உண்டான என்ட்ரோபி கெல்வினுக்கு சுமார் 446 ஜூல். இழந்த வேலையைக் கண்டுபிடிக்க இதை இறுதி வெப்பநிலையான 250-ஆல் பெருக்குபவர்கள் ஏராளம். பெருக்கினால் 112 கிலோஜூல் வரும். சரியான விடை 100. இங்கே சூழலின் வெப்பநிலை என்று ஒன்று கிடையாது. கழிவு வெப்பத்தை வாங்கிக்கொள்ள நிலையான குளிர்தேக்கம் இருந்தால்தான் அந்தப் பெருக்கல் செல்லும். சூத்திரத்தை மட்டும் பிடித்துக்கொள்பவர் எந்த நூலைப் படித்தாலும் இதில் வழுக்குவார். இயந்திர வழியில் வந்தவர் சற்றுக் குறைவாக வழுக்குவார் என்பதே எங்கள் கணிப்பு. நூல்களைத் தனித்தனியே பார்க்கலாம்.

ஃபெர்மி

1936 கோடையில் நியூயார்க்கின் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் என்ரிகோ ஃபெர்மி நடத்திய வகுப்புகளிலிருந்து உருவான நூல், அடுத்த ஆண்டு வெளியானது. இன்று டோவர் மறுபதிப்பாக மலிவாகக் கிடைப்பது அதுதான். எட்டு அத்தியாயங்கள். முதல் ஐந்து எல்லோருக்கும் பொது: அமைப்புகள், முதல் விதி, இரண்டாம் விதி, என்ட்ரோபி, வெப்ப இயக்கவியல் பொட்டன்ஷியல்கள். கடைசி மூன்றும் வாயு வினைகள், நீர்த்த கரைசல்கள், என்ட்ரோபி மாறிலி என்று வேதியியல் பக்கம் சாய்கின்றன.

இந்த நூலின் உயிர் மூன்றாம், நான்காம் அத்தியாயங்களில் இருக்கிறது. ஓர் அமைப்பு பல வெப்பமூலங்களோடு வெப்பம் பரிமாறிச் சுழற்சியை முடிக்கிறது. ஒவ்வொரு மூலத்துக்கும் ஒரு கார்னோ இயந்திரத்தை இணைத்து, அந்த மூலம் இழந்ததைப் பொதுவான இன்னொரு மூலத்திலிருந்து ஈடுகட்டுகிறார் ஃபெர்மி. எல்லாம் முடிந்தபின் மாறியிருப்பது பொது மூலம் மட்டும்தான். அதிலிருந்து வெப்பம் எடுத்து முழுவதும் வேலையாக்கியிருந்தால் கெல்வின் கூற்று உடைந்துவிடும். ஆகவே வெப்பங்களை அந்தந்த வெப்பநிலையால் வகுத்துக் கூட்டினால் தொகை பூச்சியத்தைத் தாண்டக்கூடாது. கிளாசியஸ் சமனிலி இதைவிடச் சிக்கனமாக எழுதப்பட்ட இடம் அரிது. கல்லூரிப் பாடநூல்கள் பலவற்றில் இந்தச் சமனிலி ஒரு வாக்கியமாக வந்து போய்விடும். ஃபெர்மியில் அதை நீங்களே கட்டி எழுப்ப வேண்டியிருக்கும்.

சின்னச் சின்னப் பயன்பாடுகளும் நேர்த்தியானவை. வெப்பப் பரிமாற்றமின்றி மேலெழும் காற்று கிலோமீட்டருக்கு 9.8 டிகிரி குளிரும் என்று முதல் விதி அத்தியாயத்திலேயே வருவித்துக் காட்டுகிறார். உண்மையில் அளக்கும் சராசரி ஏன் அதைவிடக் குறைவு என்றால், ஈரப்பதம் குளிர்ந்து நீராகும்போது விடும் வெப்பம். எட்டாம் அத்தியாயத்தில் வாயுக்களின் வெப்ப அயனியாக்கம் வருகிறது. விண்மீன் நிறமாலையைப் புரியவைக்க மேக்நாத் சாஹா 1920-இல் தந்த சமன்பாட்டின் அடித்தளம் அது. சாஹாவே ஸ்ரீவாஸ்தவாவோடு சேர்ந்து வெப்பவியலுக்கு ஒரு பெரிய பாடநூல் எழுதியவர். பழைய கல்லூரி நூலகங்களில் அது இன்னமும் தென்படும். முதன்மைப் பாடநூலாக இன்று அதைப் பரிந்துரைக்க மாட்டோம், ஆனால் கையில் கிடைத்தால் புரட்டிப் பாருங்கள்.

குறைகள்: அலகுகள் பழையவை. எர்க், கலோரி, வளிமண்டல அழுத்தம் எல்லாம் கலந்து வரும். இரண்டாம் அத்தியாயத்தின் முதல் கணக்கு 3.4 × 10⁸ எர்க் வேலை செய்து 32 கலோரி வெப்பம் பெறும் அமைப்பின் ஆற்றல் மாற்றத்தைக் கேட்கிறது. ஜூலுக்கு மாற்றினால் 34-ம் 134-ம், ஆக விடை ஏறத்தாழ 100 ஜூல். மாற்றத் தெரிந்தால் அழகான கணக்கு, தெரியாவிட்டால் முதல் நாளே சலிப்பு. பயிற்சிக் கணக்குகள் அத்தியாயத்துக்கு ஒரு கைப்பிடி அளவே, விடைகளும் கிடையாது. காந்தம், இழுவிசை போன்ற வேறு வகை வேலைகளுக்கு நீங்களே நீட்டித்துக்கொள்ள வேண்டும். ஃபெர்மி மட்டும் படித்துத் தேர்வெழுத முடியாது. ஃபெர்மி படிக்காமல் இரண்டாம் விதி புரிந்துவிட்டது என்று சொல்வதும் கொஞ்சம் அவசரம்தான்.

ஜெமான்ஸ்கி

மார்க் ஜெமான்ஸ்கியின் "ஹீட் அண்ட் தெர்மோடைனமிக்ஸ்" 1937-இல் முதல் பதிப்பு கண்டது. பின்னாளில் ரிச்சர்ட் டிட்மன் சேர்ந்து திருத்தினார். ஏழாம் பதிப்பு 1997. மற்ற மூன்று நூல்களிலும் வெப்பநிலை சட்டென்று வந்துவிடும். ஜெமான்ஸ்கி மட்டும்தான் அதை எப்படி அளப்பது என்பதில் பொறுமையாக நிற்கிறார். மாறாப் பரும வாயு வெப்பமானியில் வாயுவைப் படிப்படியாகக் குறைத்துக்கொண்டே போய், அழுத்தம் பூச்சியத்தை நெருங்கும் எல்லையில் எல்லா வாயுக்களும் ஒரே விடையைத் தருவதைக் காட்டுகிறார். அமைப்பு என்றால் உருளைக்குள் அடைத்த வாயு மட்டும்தான் என்ற பழக்கத்தை உடைப்பதும் இதன் பலம். இழுத்த கம்பி, திரவப் பரப்பு, பாரா காந்தத் தண்டு என ஒவ்வொன்றுக்கும் வேலைக்கான கோவை முதலிலேயே வந்துவிடுகிறது. குளிர்நிலை ஆய்வகத்தில் வேலை செய்யப்போகிறவருக்கு, அளவீட்டுக் கருவிகளோடு புழங்குபவருக்கு, பாடம் நடத்தப்போகிறவருக்கு இதுதான் கைநூல்.

ஆனால் நகர்வு மெது. என்ட்ரோபியை அடைவதற்குள் ஒரு பருவமே முடிந்துவிடலாம். ஒன்றைக் கவனியுங்கள்: கெல்வினின் வரையறை 2019-இல் மாறிவிட்டது. அதற்கு முந்தைய எல்லாப் பதிப்புகளிலும் நீரின் முப்புள்ளி (பனி, நீர், ஆவி மூன்றும் சேர்ந்து நிற்கும் நிலை) 273.16 கெல்வின் என்பது வரையறையாகவே இருக்கும். இப்போது போல்ட்ஸ்மன் மாறிலி 1.380649 × 10⁻²³ ஜூல்/கெல்வின் என்று நிலைநிறுத்தப்பட்டு, முப்புள்ளி அளந்து அறியும் மதிப்பாகிவிட்டது. எண்ணளவில் உங்கள் கணக்கு எதுவும் மாறாது, வாய்மொழித் தேர்வில் மட்டும் மாறும். அதேபோல் 1990-இன் வெப்பநிலை அளவுகோல்படி சாதாரண அழுத்தத்தில் நீரின் கொதிநிலை 99.974 டிகிரி செல்சியஸ். பழைய பதிப்பில் சரியாக 100 என்று பார்த்துக் குழம்ப வேண்டாம்.

ஷ்ரோடர்

டேனியல் ஷ்ரோடர் அமெரிக்காவின் யூட்டாவில் வீபர் ஸ்டேட் பல்கலைக்கழகத்துக்காரர். "ஆன் இன்ட்ரொடக்‌ஷன் டு தெர்மல் ஃபிசிக்ஸ்" 2000 வாக்கில் வந்தது. 2021 முதல் ஆக்ஸ்ஃபோர்டு வெளியிடுகிறது. இதன் இரண்டாம், மூன்றாம் அத்தியாயங்களுக்காகவே புத்தகத்தை வாங்கலாம்.

ஐன்ஸ்டைன் திண்மம் என்ற எளிய மாதிரியை எடுத்துக்கொள்கிறார்: ஆற்றலைச் சம அலகுகளாக மட்டும் ஏற்கும் அலையியற்றிகளின் (அதிரும் அணுக்களின்) கூட்டம். தலா 3 அலையியற்றிகள் கொண்ட இரண்டு திண்மங்கள், பகிர்ந்துகொள்ள 6 ஆற்றல் அலகுகள். மொத்தப் பங்கீடுகள் 462. அதில் சரிபாதியாகப் பிரிவது 100 விதம், எல்லா அலகும் முதல் திண்மத்திலேயே ஒதுங்குவது 28 விதம். இந்த அளவில் இரண்டாம் விதி என்று ஒன்று கிடையாது, ஒருபக்கம் ஒதுங்குவது அடிக்கடி நடக்கும். அடுத்து 300-ம் 200-மாக அலையியற்றிகள், 100 அலகுகள். இப்போது முதல் திண்மத்தில் 60 அலகுகள் இருக்கும் நிலையே உச்சம். அந்த ஒரு நிலையின் நிகழ்தகவு மட்டும் சுமார் 7 விழுக்காடு. முதல் திண்மத்தில் ஒன்றுமே இல்லாத நிலை அதைவிட 10³³ மடங்குக்கும் மேல் அரிது. சூட்டிலிருந்து குளிருக்கு வெப்பம் ஏன் பாய்கிறது என்பதற்கு இதற்கு மேல் விளக்கம் தேவைப்படாது. வெப்பநிலை என்பது ஆற்றலைப் பொறுத்து என்ட்ரோபி மாறும் வீதத்தின் தலைகீழி என்பதும் இந்த அட்டவணையிலிருந்தே எழுகிறது.

இந்த அட்டவணைகளைக் கணினி விரிதாளில் நீங்களே போட வேண்டும், படித்துவிட்டு நகரக்கூடாது. அங்கே ஒரு நடைமுறைச் சிக்கல் வரும். காரணீயப் பெருக்கத்தை நேராகக் கேட்டால் 170-க்கு மேல் விரிதாள் பிழை காட்டும். 171-இன் காரணீயம் அதன் எண் எல்லையைத் தாண்டிவிடுகிறது. சேர்வுகளை எண்ணும் சார்பைப் பயன்படுத்துங்கள், அல்லது காமா சார்பின் மடக்கையை எடுத்துக் கூட்டிக் கழித்துவிட்டுக் கடைசியில் அடுக்கேற்றுங்கள். ஆயிரக்கணக்கில் அலையியற்றிகள் வரும்போது இரண்டாவது வழி மட்டுமே பிழைக்கும்.

இன்னொரு நல்ல இடம் ஐந்தாம் அத்தியாயத்தின் கிராஃபைட், வைரம் கணக்கு. அறை வெப்பநிலையில் ஒரு மோல் வைரத்தின் கிப்ஸ் ஆற்றல் (குறித்த வெப்பநிலை, அழுத்தத்தில் எது குறைவோ அதுவே நிலையானது) கிராஃபைட்டைவிட 2900 ஜூல் அதிகம். மோல் பருமன் கிராஃபைட்டுக்கு 5.30, வைரத்துக்கு 3.42 கன சென்டிமீட்டர். வித்தியாசமான 1.88-ஆல் வகுத்தால் ஏறத்தாழ 15,000 வளிமண்டல அழுத்தம் என்று வந்துவிடும். அதற்கு மேல்தான் வைரம் நிலையானது. மூன்று எண்களை வைத்துப் புவியியல் பேச முடிகிறது.

எங்கே போதாது? லெஜாண்டர் உருமாற்றம் (சார்பின் மாறிக்குப் பதில் அதன் வகைக்கெழுவை மாறியாக வைப்பது), நிலைத்தன்மை நிபந்தனைகள், பகுதி வகைக்கெழுக்களை முறையாகச் சுருக்குவது ஆகியவற்றில் ஷ்ரோடர் கையை லேசாகத்தான் வைக்கிறார். முக்கியமான வருவித்தல்கள் பல பயிற்சிக் கணக்குகளுக்குள் ஒளிந்திருக்கின்றன. கணக்கு போடாதவருக்கு இது பாதிப் புத்தகம். பின்பக்கத்தில் விடைகளும் இல்லை.

கேலன்

ஹெர்பர்ட் கேலன் பென்சில்வேனியா பல்கலைக்கழகத்துப் பேராசிரியர். முதல் பதிப்பு 1960, இரண்டாம் பதிப்பு 1985. பின்னதில் புள்ளியியல் இயக்கவியல் பகுதியும் சேர்ந்துவிட்டது. முதல் அத்தியாயத்தில் நான்கு எடுகோள்கள். சமநிலைகள் உண்டு. என்ட்ரோபி உண்டு, தடை நீங்கினால் அது பெருமத்தை நோக்கிப் போகும். அது கூட்டத்தக்கது, ஆற்றலோடு சேர்ந்து ஏறும். வெப்பநிலை பூச்சியமாகும் இடத்தில் அதுவும் பூச்சியம். வெப்ப இயந்திரம் என்ற சொல்லே அதுவரை வந்திருக்காது.

இந்த நூல் உங்களுக்கு ஒத்துவருமா என்று அறிய முதல் அத்தியாயத்தின் முடிவிலுள்ள ஒரு கணக்கே போதும். பத்துச் சமன்பாடுகளைக் கொடுத்து, இவற்றில் ஐந்து எடுகோள்களை மீறுகின்றன, கண்டுபிடி என்கிறது. சோதிக்கும் முறை எளிது. துகள் எண்ணிக்கை, பருமன், ஆற்றல் மூன்றையும் இரட்டிப்பாக்கினால் என்ட்ரோபியும் இரட்டிப்பாகிறதா பாருங்கள். ஆற்றல் ஏறும்போது என்ட்ரோபி ஏறுகிறதா பாருங்கள். வகைக்கெழு எடுத்து, வெப்பநிலை பூச்சியமாகும் இடத்தில் என்ட்ரோபியும் பூச்சியமாகிறதா பாருங்கள். மூன்றின் பெருக்கலுக்கு மூன்றாம் மூலம் எடுத்தால் எல்லாச் சோதனையிலும் தேறும். எண்ணிக்கையையும் ஆற்றலையும் பெருக்கிப் பருமனால் வகுத்து மூன்றில் இரண்டு அடுக்கு ஏற்றினால் முதல் சோதனையிலேயே விழும், ஏனென்றால் மொத்த அடுக்கு ஒன்றுக்குப் பதில் மூன்றில் இரண்டாக நிற்கிறது. இதை ஒரே மாலையில் முடித்து ரசிக்க முடிந்தால் கேலனை வாங்குங்கள். "இதெல்லாம் எதற்கு" என்று தோன்றினால் ஷ்ரோடரைப் படித்துவிட்டு ஓராண்டு கழித்து வாருங்கள். வேடிக்கை என்னவென்றால், நாம் எல்லோரும் நம்பிப் பயன்படுத்தும் நல்லியல்பு வாயுவே மூன்றாவது சோதனையில் தோற்றுவிடுகிறது. வெப்பநிலை பூச்சியத்தை நெருங்கும்போது அதன் என்ட்ரோபி மடக்கையாகச் சரிந்து எதிர்க்குறி முடிவிலிக்குப் போகிறது. தாழ்வெப்பநிலையில் அந்த மாதிரி பொய் என்பதை இந்த எடுகோளே சொல்லிவிடுகிறது.

ஏழாம் அத்தியாயம் ஆராய்ச்சியாளர்களுக்கான கருவிப்பெட்டி. எந்தப் பகுதி வகைக்கெழு வந்தாலும் அதை அளக்கக்கூடிய மூன்று அளவுகளாகச் சுருக்கும் முறை அங்கே இருக்கிறது: மாறா அழுத்த வெப்ப ஏற்புத்திறன், பரும விரிவுக் குணகம், சமவெப்பநிலை அமுக்கத்தன்மை. முதலில் பொட்டன்ஷியல்களை வகைக்கெழுவின் தொகுதிக்கு (மேற்பகுதிக்கு) கொண்டுவந்து நீக்க வேண்டும். பிறகு கெமிக்கல் பொட்டன்ஷியலை கிப்ஸ், டூயம் உறவால் நீக்க வேண்டும். அடுத்து என்ட்ரோபியைத் தொகுதிக்குக் கொண்டுவந்து, மாக்ஸ்வெல் உறவாலோ வெப்ப ஏற்புத்திறனாலோ நீக்க வேண்டும். மிஞ்சியிருக்கும் பருமனைக் கடைசியில் கவனிக்க வேண்டும். வரிசையை மாற்றினால் சுற்றிச் சுற்றித் தொடங்கிய இடத்துக்கே வருவீர்கள். தேர்வறையில் பலரும் சிக்குவது அங்கேதான்.

பலனை நீரில் சோதிக்கலாம். மாறா அழுத்த வெப்ப ஏற்புத்திறனுக்கும் மாறாப் பரும வெப்ப ஏற்புத்திறனுக்கும் உள்ள வித்தியாசம் எப்படி வரும்? வெப்பநிலை, மோல் பருமன், விரிவுக் குணகத்தின் வர்க்கம் மூன்றையும் பெருக்கி அமுக்கத்தன்மையால் வகுத்தால் கிடைக்கும். 25 டிகிரியில் விரிவுக் குணகம் 2.57 × 10⁻⁴, அமுக்கத்தன்மை பாஸ்கலுக்கு 4.52 × 10⁻¹⁰, மோல் பருமன் 18.07 கன சென்டிமீட்டர். விடை மோலுக்கு, கெல்வினுக்கு சுமார் 0.79 ஜூல். மாறா அழுத்த மதிப்பான 75.3-இல் இது ஒரு விழுக்காடுதான். 4 டிகிரி செல்சியஸில் விரிவுக் குணகம் பூச்சியம் என்பதால் இரண்டும் ஒன்றாகிவிடும். வாயுவுக்குப் பழகிய கையோடு நீருக்கும் வாயு மாறிலியான 8.3-ஐக் கழிப்பவர்கள் உண்டு. அந்தப் பழக்கத்தைக் கேலன் தீர்த்துவைப்பார்.

எடுகோள் வழி எங்கே ஆளை ஏமாற்றும் என்பதும் தெரிந்திருக்க வேண்டும். வெப்பம் கடத்தாத, ஆனால் நகரக்கூடிய பிஸ்டனின் இருபுறமும் வாயு. பெரும என்ட்ரோபி நிபந்தனையைப் போட்டால் இறுதி வெப்பநிலைகள் வராது. அழுத்தங்கள் சமம் என்பதோடு நின்றுவிடும். வாயுவின் பிசுக்குமை போன்ற விவரங்கள் இல்லாமல் இந்தக் கணக்கு முடியாது. கேலனே ஒரு பயிற்சிக் கணக்கில் இதைப் பேசுகிறார், பெரும்பாலானோர் அதைத் தொடுவதே இல்லை. இயந்திர வழியில் வந்தவர்கள் பிஸ்டன் ஊசலாடுவதைக் கற்பனை செய்து உடனே சந்தேகப்படுவார்கள்.

மற்றவை, விரைவாக

ரைஃபின் 1965-ஆம் ஆண்டு நூல் எண்ணும் வழியில் மிக விரிவானது. 600 பக்கம் தாண்டும், சொன்னதையே மூன்று விதமாகச் சொல்லும். தனியாகப் படிப்பவருக்கு அது வரம், அவசரக்காரருக்குச் சுமை. கிட்டல், க்ரோமர் நூல் குறைக்கடத்திகள் பக்கம் போகிறவருக்கு ஏற்றது. ஆனால் அது போல்ட்ஸ்மன் மாறிலியை வெப்பநிலைக்குள் விழுங்கிவிட்டு ஆற்றல் அலகில் பேசும். வேறு நூலோடு சேர்த்துப் படித்தால் மாறிலி தொலைந்துபோகும். பிளண்டல் தம்பதியின் ஆக்ஸ்ஃபோர்டு நூல் சின்னச் சின்ன அத்தியாயங்களால் ஆனது, ஷ்ரோடருக்கு நல்ல மாற்று. பிப்பார்டின் 1957 கேம்பிரிட்ஜ் நூல் மெலிந்தது, இறுக்கமானது. மீக்கடத்திகளிலும் நிலைமாற்றங்களிலும் ஆய்வு செய்பவர் கட்டாயம் பார்க்க வேண்டும், இளநிலை மாணவர் பக்கமே போக வேண்டாம். மாக்ஸ் பிளாங்கின் 1897 நூல் அணுக்களைத் துணைக்கு அழைக்காமல் விதிகளை மட்டும் வைத்து நடக்கிறது. மூன்றே ஆண்டில், கரும்பொருள் கதிர்வீச்சுக்காக, அவரே போல்ட்ஸ்மனின் எண்ணும் முறையைக் கையில் எடுத்தார் என்பதை நினைத்துக்கொண்டு படித்தால் சுவை கூடும். கற்றுக்கொள்வதற்கான நூல் இல்லை அது.

பொறியியல் மாணவருக்கு மேலே சொன்ன எதுவும் முதல் நூலாகாது. விசையாழி, அமுக்கி, பாய்வுள்ள திறந்த அமைப்பு, நீராவி அட்டவணை ஆகியவற்றுக்கு பி.கே. நாக் அல்லது செங்கெல், போல்ஸ்தான். ஷ்ரோடரில் நீராவிக்கும் குளிர்பதனப் பொருளுக்கும் சிறு அட்டவணைகள் உண்டு, ஆனால் அவை அறிமுகத்துக்கு மட்டும்.

யாருக்கு எது

இளநிலை இயற்பியலில் இருந்து, ஒரே ஒரு புத்தகத்துக்குத்தான் பணம் என்றால் ஷ்ரோடர். முதல் மூன்று அத்தியாயங்களை முடித்ததும் நூலகத்திலிருந்து ஃபெர்மியை எடுத்து மூன்றையும் நான்கையும் மட்டும் படியுங்கள். பிறகு ஷ்ரோடருக்குத் திரும்புங்கள். முதுநிலைச் சேர்க்கைக்கான ஐஐடி ஜாம் தேர்வுக்கு இது போதும், கணக்குப் பயிற்சி மட்டும் பழைய வினாத்தாள்களில் இருந்து வர வேண்டும். முதுநிலையில் இருப்பவர், நெட் தேர்வை நோக்கியவர், கேலனின் முதல் எட்டு அத்தியாயங்களையும் ரைஃபின் புள்ளியியல் பகுதிகளையும் சேர்த்துக்கொள்ளலாம். கேலனின் புள்ளியியல் பகுதி நன்றாகவே இருக்கிறது, ஆனால் பயிற்சிக்குப் போதாது.

வேதியியலர்களுக்கு ஃபெர்மியின் ஆறாம், ஏழாம் அத்தியாயங்கள் தனி விருந்து. வான்ட் ஹாஃப் வினைப்பெட்டியை வைத்து நிறைதாக்க விதியை வருவிப்பதை அங்கே பாருங்கள். மென்பொருண்மம், பாலிமர் பக்கம் இருப்பவருக்குக் கேலனும் ஷ்ரோடரும் சேர்ந்துதான் பயன். இழுத்துப் பிடித்த ரப்பர் சூடானால் ஏன் சுருங்குகிறது என்பதைக் கேலன் மூன்றாம் அத்தியாயத்தில் சார்புகளின் பொருத்தப்பாட்டிலிருந்து எழுப்புகிறார். ஷ்ரோடர் அதையே இடமும் வலமும் திரும்பும் கண்ணிகளை எண்ணச் சொல்லி ஒரு கணக்காகத் தருகிறார். இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள். பாடம் நடத்துபவருக்கு ஜெமான்ஸ்கி மேசையில் இருக்க வேண்டும், மாணவர் கையில் இருக்க வேண்டிய கட்டாயம் இல்லை.

இரண்டு நூல்களைச் சேர்த்துப் படிப்பவர் முதல் பக்கத்திலேயே ஒரு குறிப்பு எழுதி ஒட்டிக்கொள்வது நல்லது. ஃபெர்மியில் வேலை என்பது அமைப்பு வெளியே செய்வது: ஆற்றல் மாற்றமும் வேலையும் சேர்ந்தால் வெப்பம். ஷ்ரோடரில் வேலை என்பது அமைப்பின் மீது செய்யப்படுவது: வெப்பமும் வேலையும் சேர்ந்தால் ஆற்றல் மாற்றம். ஜெமான்ஸ்கியில் உங்கள் கையிலுள்ள பதிப்பு எந்தப் பக்கம் என்று முதல் விதி அத்தியாயத்தில் பார்த்துக்கொள்ளுங்கள். கிப்ஸ் ஆற்றலுக்கு ஃபெர்மி கிரேக்க எழுத்தான 'ஃபை'யைப் போடுகிறார், மற்றவர்கள் 'ஜி' என்கிறார்கள். ஃபெர்மியும் கேலனும் 'எஃப்' என்று எழுதும் ஹெல்ம்ஹோல்ட்ஸ் ஆற்றலை வேதியியல் நூல்கள் 'ஏ' என்று எழுதும்.

வாங்கும்போது: ஃபெர்மிக்கு எந்த மறுபதிப்பானாலும் சரி. கேலனில் இரண்டாம் பதிப்புதான் வேண்டும். பழைய கடையில் முதல் பதிப்பு கிடைத்தால் வெப்ப இயக்கவியல் பகுதிக்கு அது குறைவில்லை, ஆனால் புள்ளியியல் பகுதி இராது. ஷ்ரோடரில் பழைய அச்சுக்கும் ஆக்ஸ்ஃபோர்டு அச்சுக்கும் நடுவில் அலைய வேண்டாம். திருத்தப் பட்டியலை ஆசிரியரே இணையத்தில் வைத்திருக்கிறார், அதைப் பார்த்துப் பென்சிலால் திருத்திக்கொள்ளுங்கள். கேலனின் நகலெடுத்த பிரதிகளை மட்டும் தவிர்த்துவிடுங்கள். பகுதி வகைக்கெழுவின் கீழே எதை மாறாமல் வைத்தோம் என்று சொல்லும் சின்ன எழுத்துதான் அந்த நூலின் ஆதாரம். மங்கிய நகலில் முதலில் அழிவது அந்த எழுத்துதான். அழுத்தமா பருமனா என்று தெரியாமல் ஏழாம் அத்தியாயத்தைப் படிக்க முடியாது.